ஜிம்பாலி நாட்டில் மழைநாள் கிடையாது

நம் வயதுக்காரர்கள் நான்கு பேர் கூடி உட்கார்ந்தால் பேச்சு சர்க்கரை மாத்திரையில் ஆரம்பித்து எஸ்டேட்டில் போய் நிற்கும். யார் வீட்டு மாடு நன்றாகக் கறந்தது, எந்த மண்டோர் வாய் கெட்டவன், திடலில் திரை கட்டி என்ன படம் காட்டினார்கள் என்று எல்லாம் உங்களுக்கு ஞாபகம் இருக்கிறது. ஆனால் செமோர் ரோட்டோரம் நாம் தே தாரிக் குடிக்கிற மாமாக் கடை இருக்கும் இடத்தில் முன்பு என்ன இருந்தது என்று கேட்டால், "ரப்பர் காடுதான், வேறென்ன" என்று சொல்லிவிட்டு ரொட்டி சானாயைப் பிய்க்கிறீர்கள். போன வாரம் மழைக்கு ஒதுங்கி உட்கார்ந்திருந்தபோது ஒருவர் அப்படிச் சொன்னார். பெயர் சொல்ல மாட்டேன், அவருக்கே தெரியும். அன்றிலிருந்து எனக்கு மனசு சரியில்லை. பொறுமையில்லாதவர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளலாம், எனக்கு ஒரு வருத்தமும் இல்லை.

அங்கே ஒரு நாட்டின் காலண்டர் இருந்தது. அதைச் செய்தவள் என் அக்கா.

எனக்கு அப்போது ஏழு வயது இருக்கும், அக்காவுக்குப் பத்து. எங்களுக்கு ஒரு தம்பி பிறந்து, தவழ ஆரம்பிக்கும் முன்பே காய்ச்சலில் போய்விட்டான். அந்த வாரம் ஆறு பொங்கி எஸ்டேட் இடுகாட்டில் தண்ணீர் நின்றது. வேலையை மேற்பார்க்கும் மண்டோரிடம் வாய்ச்சொல்லாகக் கேட்டுக்கொண்டு, ரோட்டை ஒட்டிய கடைசி வரிசையில், கடைசி ரப்பர் மரத்தடியில் அவனைப் புதைத்தார்கள். தண்ணீர் வடிந்ததும் பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். தண்ணீர் வடிந்தது. யாரும் பார்த்துக்கொள்ளவில்லை. அந்த வரிசை அம்மாவின் பால்வெட்டுக்கு உட்பட்டது. உடம்பு தேறியதும் அம்மா கத்தியை எடுத்துக்கொண்டு அதே மரத்தை வெட்டப் போனாள். வேறு என்ன செய்வாள், பாவம்.

தம்பி எங்கேயும் போகவில்லை, சுண்ணாம்பு மலைக்குப் பின்னால் ஜிம்பாலி என்று ஒரு நாடு இருக்கிறது, அங்கேதான் இருக்கிறான் என்று அக்கா சொன்னாள். அந்தப் பெயரை எங்கிருந்து பிடித்தாள் என்று இன்றுவரை தெரியாது. நான் உடனே நம்பினேன். நம்பிவிட்டு ஒரு கேள்வி கேட்டேன். அங்கே அவனுக்கு வயசு ஆகுமா?

அக்கா இரண்டு நாள் பதில் சொல்லாமல் சுற்றினாள். எங்கள் வீட்டுச் சுவரில் சீனன் கடையில் கொடுத்த காலண்டர் தொங்கியது. பெரிய எழுத்தில் இங்கிலீஷ் தேதி, பக்கத்தில் சீனத் தேதி, மலாய்க்காரர்களின் பிறைக் கணக்கு, கீழே பொடியாக நம்முடைய தமிழ்த் தேதி. ஒரே தாளில் நாலு பேருடைய நாள். அப்படியிருக்க ஐந்தாவதாக ஒன்று இருந்தால் என்ன என்று அவள் நினைத்திருக்க வேண்டும். நம்மூர்ப் பிள்ளைக்குத்தான் அது தோன்றும்.

ஜிம்பாலியில் சூரியனைப் பார்த்து நாள் எண்ணுவதில்லை. அம்மா தம்பி மரத்தில் ஒரு வெட்டு போட்டால் அங்கே ஒரு நாள். மரத்தை ஒருநாள் விட்டு ஒருநாள்தான் வெட்டுவார்கள், ஆகவே அவர்களுடைய ஒரு நாள் நமக்கு இரண்டு. மழை பெய்தால் பால்வெட்டு இல்லை, வெட்டு இல்லையென்றால் நாள் இல்லை. மழைநாளில் ஜிம்பாலிக்காரர்களுக்குப் பசிக்காது, நகம் வளராது, வயது கூடாது. மழைநாளில் சம்பளம் இல்லாமல் உட்கார்ந்திருந்த வீட்டில் பிறந்த சட்டம் அது. மாதங்களுக்கும் பெயர் வைத்தாள். காய் வெடித்து விதை சிதறும் மாதம் வெடி மாதம். கொசு மாதம் என்று ஒன்று. கோயில் திருவிழா வரும் மாதத்துக்கு மஞ்சத்தண்ணி என்று பெயர். வெட்டு பட்டையில் கீழே இறங்கிக்கொண்டே வருமல்லவா, அவள் கையால் ஒரு சாண் இறங்கினால் தம்பிக்கு ஒரு வயது. அவள் கை வளர வளர ஜிம்பாலியில் வருஷம் நீளமாகிக்கொண்டே போகும். இதை நான் சொன்னபோது என் தலையில் ஒரு குட்டு வைத்தாள்.

ஆனால் இலையுதிர் காலத்துக்கு மட்டும் அவள் பெயர் வைக்கவில்லை. உங்களுக்குத் தெரியும், தை பிறந்ததும் காடு முழுக்கச் சிவந்து, இலை மொத்தமும் கொட்டிவிடும். மரத்துக்கு ஓய்வு கொடுப்பார்கள், வெட்டு நிற்கும். காட்டுக்குள் யாரும் போக மாட்டார்கள். நடந்தால் காலடியில் சருகு நொறுங்குகிற சத்தம் நமக்கே பயமாக இருக்கும். அந்த நாட்கள் எந்த மாதத்துக்கும் சொந்தமில்லை என்றாள் அக்கா.

"அப்ப ஜிம்பாலியில எல்லாரும் தூங்குவாங்க. காவலுக்கு ஆளு இல்ல. அந்த நாள்ல ஏதாச்சும் நடந்தா திருப்பவே முடியாது."

"ஏன்க்கா?"

"எந்த நாள்ல நடந்துச்சுன்னு சொல்ல முடியாதுல்ல."

சொல்லிவிட்டு அவளே என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் கட்டிய சட்டம், அவளுக்கே அதில் பயம். அந்தக் கை எவ்வளவு சில்லென்று இருந்தது என்பது எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது.

இரண்டு வருஷம் யாருக்கும் தெரியாமல் இது ஓடியது. தம்பிக்கு இரண்டு வயது முடிந்தபோது கோயில் மதிலுக்குப் பட்டை அடித்தார்கள். மிச்சமான சிவப்புச் சாயத்தை டின்னோடு அக்கா தூக்கிவந்தாள். தம்பி மரத்தில் ஒவ்வொரு சாணுக்கும் ஒரு கோடும் வட்டமும் போட்டாள். தம்பி தனியாக இருக்கக் கூடாது, அவனுக்கு அக்கம்பக்கம் வேண்டும் என்று அந்த வரிசை முழுக்க ஒவ்வொரு மரத்துக்கும் ஒரு கோடு, ஒரு வட்டம். ஒன்று உயரத்தில், ஒன்று முட்டிக்குக் கீழே. அங்கே கிழவர்களும் இருப்பார்கள், குழந்தைகளும் இருப்பார்கள் இல்லையா.

மறுநாள் விடியலில் பால்வெட்டப் போனவர்கள் அதைப் பார்த்தார்கள். பக்கத்து எஸ்டேட்டை விற்றபோது முதலில் மரத்தில் சிவப்புச் சாயந்தான் வந்தது. அப்புறம் இயந்திரம் வந்தது, அப்புறம் தொழிலாளிகளின் லயத்து வீடுகளுக்குத் தண்ணீர் நின்றது. அதனால் அன்று ஒருத்தரும் மரத்தில் கத்தி வைக்கவில்லை. வாளியைக் கீழே போட்டுவிட்டுப் பெண்கள் அழுதார்கள். அப்பா கொஞ்சம் வாயுள்ளவர். ஆண்களைக் கூட்டிக்கொண்டு ஆபீசுக்குப் போய், எங்களுக்குச் சொல்லாமல் எப்படி விற்பீர்கள் என்று சத்தம் போட்டார். அங்கே கணக்கெழுதும் கிராணி யாழ்ப்பாணத்துக்காரர், வெள்ளைக் காற்சட்டை கசங்காத மனுஷர். அவர் எழுந்து எல்லாரோடும் காட்டுக்கு வந்தார். ஒவ்வொரு மரமாகப் பார்த்துக்கொண்டே போய், கடைசி மரத்தில் ஒட்டியிருந்த ஒரு சின்னக் கைத்தடத்துக்கு நேரே தன் கையை விரித்துக் காட்டினார்.

"இதென்ன, சின்னப் பிள்ளையின்ர கையெல்லோ. இதுக்கே நீர் ஊரைக் கூட்டிக்கொண்டு வந்தனீர்?"

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லாரும் சிரித்தார்கள். பயம் தெளிந்த சிரிப்புத்தான், ஆனால் அது அப்பாவின் தலையில் விழுந்தது. அதற்குப் பிறகு அவர் எங்கே போனாலும், "அண்ணே, இன்னைக்கு எந்த மரத்துல சாயம்?" என்று கேட்பது எஸ்டேட்டில் வழக்கமாகிவிட்டது. கேட்டவர்களில் உங்களில் சிலரின் அப்பாக்களும் உண்டு. அதை நான் மறக்கவில்லை.

அன்று வீட்டில் அப்பா குச்சியை எடுத்தார். அக்காவின் பாவாடையில் சாயம் இருந்ததால் விசாரிக்கத் தேவையே இல்லை. அவள் வாயைத் திறக்காமல் அடி வாங்கினாள். அம்மா அடுப்படியிலிருந்து வந்து, "எதுக்குடி செஞ்ச, சொல்லித் தொலையேன்" என்றாள்.

"ஜிம்பாலியில தம்பிக்கு வயசு போட்டேம்மா. நீ ஒரு தடவ வெட்டுனா அவனுக்கு ஒரு நாளு. இப்ப ரெண்டு வயசு முடிஞ்சிருச்சு."

அப்பா குச்சியைப் போட்டுவிட்டு வெளியே போய்விட்டார். அம்மா திரும்பிப் போய் அடுப்பை ஊதினாள். நெருப்பு நன்றாக எரிந்துகொண்டுதான் இருந்தது, ஆனாலும் ஊதிக்கொண்டே இருந்தாள்.

அதன்பிறகு அம்மா அந்த ஒரு மரத்தை மட்டும் வேறு மாதிரி வெட்ட ஆரம்பித்தாள். நான் பள்ளிக்கூட லீவில் பால் வடியும் மங்கு துடைக்கக் கூடப் போவேன், பார்த்திருக்கிறேன். மற்ற மரங்களுக்குக் கத்தி சரக்கென்று போகும். அந்த மரத்துக்கு வந்தால் மூச்சைப் பிடித்துக்கொண்டு, வெங்காயத் தோல் அளவுக்குச் சீவுவாள். பட்டை தீர்ந்துவிடக் கூடாது என்று. பால் சொட்டுச் சொட்டாகத்தான் வரும். மண்டோர் பார்த்துவிட்டு, "என்னாக்கா, இந்த மரத்துக்கு மட்டும் செல்லம்? பால் வரலயேலா" என்றார். "கெழட்டு மரம் அண்ணே" என்றாள் அம்மா. அம்மா பொய் சொல்லி நான் கேட்டது அது ஒன்றுதான்.

அடுத்த தை வந்தது. இலை சிவந்தது, கொட்டியது, வெட்டு நின்றது. ஜிம்பாலி தூங்கப் போய்விட்டது. நானும் அக்காவும் விறகு பொறுக்கப் போனபோது ரோட்டோரம் ஒரு லாரி நின்றது. தொப்பி போட்ட ஒரு சீனர் டின்னும் பிரஷ்ஷுமாக வரிசை நெடுக நடந்துகொண்டிருந்தார். மரத்துக்கு மரம் சிவப்பில் ஒரு பெருக்கல் குறி. எல்லாம் ஒரே உயரத்தில், அவர் நெஞ்சு மட்டத்தில். தம்பி மரத்துக்கு வந்து, அக்கா போட்ட வட்டங்கள் மேலேயே இழுத்தார். அக்கா ஓடிப்போய் மலாயில், இது எங்கள் மரம் என்றாள். அவர் நல்ல மாதிரியாகவே சிரித்தார். முதலாளி சொன்னார் என்று மலாயில் சொல்லிவிட்டு அடுத்த மரத்துக்குப் போனார். சருகு நொறுங்க நொறுங்க அவர் போவதைப் பார்த்தபடி நின்றோம். அக்கா பொறுக்கிய விறகு எல்லாம் கீழே கிடந்தது.

சாயங்காலம் அக்கா அப்பாவிடம் சொன்னாள்.

"மறுபடியும் சாயமா?" என்றார் அப்பா.

"நாங்க போடலப்பா. லாரியில ஒருத்தன் வந்து போட்டான்."

"ஓ. அவன் எங்கேருந்து வந்தான், ஜிம்பாலியிலேருந்தா?"

இவ்வளவுதான். அப்பா நல்ல மனுஷர், உங்களுக்கே தெரியும். ஆனால் ஒரு முறை ஊர் சிரித்த மனுஷனால் இரண்டாம் முறை அதே வார்த்தையைச் சொல்லிக்கொண்டு ஆபீஸ் வாசலில் போய் நிற்க முடியாது. அவர் வயதைத் தாண்டிவிட்ட பிறகுதான் எனக்கு அது புரிகிறது. புரிகிறதே தவிர, கோபம் முழுசாகப் போகவில்லை.

அம்மா மறுநாள் காலையில் தானே போய்ப் பார்த்தாள். திரும்பி வந்து அக்காவின் இரண்டு கையையும் விரித்துப் பார்த்து, நகக்கண்ணைப் பார்த்து, பாவாடையையும் பார்த்தாள். எங்கும் சாயம் இல்லை. மண்டோரிடம் போய்க் கேட்டாள். "ஒங்க பிள்ளைங்க கைவரிசைதான்லா, வேற யாரு" என்று அவர் சிரித்தார். வரிசை முழுக்கச் சிவப்புக் குறியோடு நிற்கிறது, எஸ்டேட்டே அந்தப் பக்கம் வேலியோரம் நடந்து போகிறது, பார்த்தவர்கள் எல்லாரும் சிரித்துக்கொண்டே போகிறார்கள். நாங்கள் மூன்று பேரும் மட்டும் சிரிக்கவில்லை.

அன்று ராத்திரிச் சாப்பாட்டுக்கு அம்மா அப்பாவின் தட்டில் சோறு வைத்துவிட்டுச் சொன்னாள். "அவன எடுத்துட்டுப் போயி எடுகாட்டுல வச்சிருவோம். தண்ணி வடிஞ்சா பாக்கலாம்னுதான சொன்னீங்க."

அப்பா வெகுநேரம் சோற்றைப் பிசைந்தார். "பூசம் முடியட்டும். வந்து பாப்போம்" என்றார்.

தைப்பூசத்துக்கு எஸ்டேட் முழுக்க லாரியேறி ஈப்போவுக்குப் போனோம். லயத்தில் நாயும் கோழியும்தான் மிச்சம். அம்மா பால்குடம் எடுத்தாள். குன்றுக் கோயில் வாசலில் கூட்டம் நெருக்கித் தள்ளியது, கற்பூரமும் வேர்வையும் ஒரே நெடி. அக்கா மட்டும் எதையும் பார்க்கவில்லை. பொம்மைக் கடை, ஐஸ் தண்ணி எதற்கும் அசையவில்லை. "இன்னைக்கு என்ன நாளு?" என்று நான் அறியாமல் கேட்டேன். "பேரு இல்லாத நாளு" என்றாள்.

திரும்பி வரும்போது வெயில் தாழ்ந்திருந்தது. லாரி எஸ்டேட் வளைவில் திரும்பியதும் பாட்டுப் பாடிக்கொண்டு வந்த பெண்கள் ஒவ்வொருவராக நிறுத்தினார்கள். அந்த இடத்தில் எப்போதும் இருட்டாக இருக்கும். அன்று வெளிச்சமாக இருந்தது. ரோட்டோர வரிசை மொத்தமும் இல்லை. மரங்கள் குறுக்கும் நெடுக்குமாகக் கிடந்தன. வெட்டுவாயில் பால் வடிந்து, மண்ணில் வெள்ளையாகக் கட்டியிருந்தது. தள்ளு இயந்திரம் மண்ணைப் புரட்டி, ஒரு பக்கமாக மேடு கட்டிவிட்டு நின்றிருந்தது. யாரோ ரோடு போடுவதற்காக அந்த ஓரத் துண்டை மட்டும் விற்றிருக்கிறார்கள். அது ஆபீசுக்கு வெளியே ஒருவருக்கும் தெரியாது.

லாரி நிற்கும் முன் அம்மா குதித்தாள். பூசத்துக்குக் கட்டிய மஞ்சள் சேலையோடு அந்தப் புரட்டிய மண்ணில் நடந்தாள். கடைசி மரம் எது என்று யாராலும் சொல்ல முடியவில்லை. அப்பா ரோட்டு மதகிலிருந்து எட்டு வைத்து அளந்து பார்த்தார், மறுபடி வேறு பக்கத்திலிருந்து அளந்தார், ஒவ்வொரு முறையும் வேறு இடம் வந்தது. பிறகு அந்த மண் மேட்டின் மேல் உட்கார்ந்து கையால் பறிக்க ஆரம்பித்தார். அப்பா அழுது நான் பார்த்தது அன்றுதான். சாயம் என்று கேலி செய்தவர்கள் எல்லாரும் வந்து அவரோடு சேர்ந்து பறித்தார்கள்.

கிராணி சைக்கிளில் வந்தார். கொஞ்ச நேரம் நின்று பார்த்தார். "அந்த ஓரத்தில மரம் மட்டும்தான் எண்டு நினைச்சன். பிள்ளை கிடக்குதெண்டு எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லை" என்றார். அவரைச் சொல்லி என்ன, யாரும் சொல்லவில்லைதான். சொன்ன ஒருத்திக்குப் பன்னிரண்டு பதின்மூன்று வயது.

தம்பி கிடைக்கவில்லை.

அன்று பிடித்த மழை மறுநாளும் விடவில்லை. தையில் அப்படி ஒரு மழையை யாரும் கண்டதில்லை. அம்மா சேலை மாற்றாமல் லயத்து அஞ்சடித் திண்ணையில் உட்கார்ந்து மழையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சாப்பிடவில்லை. அழவுமில்லை, அதுதான் பயமாக இருந்தது. அக்கம்பக்கத்துப் பெண்கள் வந்து கூப்பிட்டுப் பார்த்துவிட்டுப் போனார்கள். அக்கா அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். நான் கதவோரம் நின்றேன்.

ரொம்ப நேரம் கழித்து அம்மா கேட்டாள். "அவனுக்கு இப்ப என்ன வயசு?"

அக்காவின் முகத்தை நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் சட்டத்தில் மரம் இல்லையென்றால் வெட்டு இல்லை, வெட்டு இல்லையென்றால் நாள் இல்லை. மூன்று வயது முடிய அரைச் சாண் இருந்தது. இனி அது முடியவே முடியாது. சட்டத்தில் ஒரு எழுத்தை மாற்ற விடாதவள் அவள். குட்டு வாங்கிய என் தலைக்குத் தெரியும்.

"ரெண்டர," என்றாள். பிறகு மழையைப் பார்த்தாள். "ஜிம்பாலியில சட்டத்த மாத்திட்டாங்கம்மா. இனிமே மழ பெஞ்சா ஒரு நாளு. வெயில் அடிச்சா கெடையாது."

அம்மா யோசித்தாள். "அப்ப இன்னைக்கு?"

"இன்னைக்கு ஒரு நாளு."

அம்மா எழுந்து உள்ளே போய் அடுப்பைப் பற்றவைத்தாள்.

எஸ்டேட் பிறகு துண்டு துண்டாகப் போனது, நாமும் துண்டு துண்டாகப் போனோம். அந்தக் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். ஈப்போ அடுக்குமாடி வீட்டில் அம்மா கடைசிவரை மழை பெய்தால் ஜன்னலை அடைக்க விட மாட்டாள். அப்பாதான் தரையைத் துடைப்பார். அக்கா கல்யாணமாகித் தாப்பாவுக்குப் போனாள். நான் கமுந்திங்கில் தொழிற்சாலையில் கிடந்துவிட்டு, மகன் வீடு வாங்கிய பிறகு செமோருக்கே திரும்பி வந்தேன். தாப்பாவில் தினமும் மழை. அது கணக்கில் சேராது, தம்பி கிடக்கிற இடத்து மழைதான் கணக்கு என்று அக்கா சொல்லிவிட்டாள். அதனால் எனக்குப் போன் பண்ணுவாள். "அங்க பெஞ்சிச்சா?" அவ்வளவுதான் கேட்பாள். கணக்கு மொத்தமும் அவள் தலையில். எங்காவது எழுதி வையேன் என்று ஒருமுறை சொன்னேன். "சுவத்துல எழுதுனாலும் மரத்துல எழுதுனாலும் எவனாச்சும் வந்து மேல ஒரு கோடு இழுப்பான்டி" என்றாள்.

இரண்டு வருஷமாக அவள் பேச்சில் ஒரு தடுமாற்றம். அடுப்பை அணைக்க மறக்கிறாள், பேரன் பெயரை மாற்றிச் சொல்கிறாள். டாக்டர் அதற்கு ஒரு பெயர் சொன்னார். ஆனால் மழையை மட்டும் அவள் மறந்ததில்லை. தம்பிக்கு என்ன வயது என்று நான் அவளிடம் கேட்டதே இல்லை. அவளுக்குத் தெரியும் என்பதே எனக்குப் போதுமாக இருந்தது.

போன வாரம் மாமாக் கடையில், "ரப்பர் காடுதான், வேறென்ன" என்று ஒருவர் சொல்லி முடித்தபோது என் போன் அடித்ததே, ஞாபகம் இருக்கிறதா? நான் எழுந்து தகரக் கூரை ஓரத்துக்குப் போனேன். மழை காதை அடைத்தது. அக்காதான். பெய்கிறதா என்று கேட்கவில்லை.

"ஏன்டி," என்றாள். "தம்பிக்கு இப்ப என்ன வயசு?"

என் காலடியில் சிமெண்ட் தரை. அதற்குக் கீழே எங்கேயோ அவன். எனக்குத் தெரியாது. இனி யாருக்கும் தெரியாது.

"மழ இன்னும் பேஞ்சிக்கிட்டு இருக்குக்கா," என்றேன். "விடட்டும், எண்ணிச் சொல்றேன்."

"சரி, விட்டதும் சொல்லு" என்று அவள் போனை வைக்காமலே காத்திருந்தாள். மேசையில் நீங்கள் எல்லாரும் மழை எப்போது விடும் என்று வெளியே பார்த்துக்கொண்டிருந்தீர்கள். நான் அது விடக் கூடாது என்று நின்றுகொண்டிருந்தேன்.